ஏழு அடுப்பு ஓட்டல்

போன வாரம் என் மகன் போனைத் தண்ணீர் பக்கெட்டில் போட்டுவிட்டான். ஐயோ ஐயோ என்று பதறியது நான்தான். அவன் அசரவில்லை. வேறொரு போன் வந்தது, நம்பரைத் தட்டினான், பாஸ்வேர்டைத் தட்டினான், விட்ட இடத்திலிருந்து அதே கேமை ஆட ஆரம்பித்துவிட்டான். எங்கிருந்துடா வந்தது என்றேன். "அதுவா வரும்மா" என்றான், போனிலிருந்து கண்ணை எடுக்காமல்.

அதுவா வருமாம்! காதோரம் நரை எட்டிப் பார்க்கிற நம்ம செட்டு ஆட்களுக்குத் தெரியும், நாம் ஆடிய காலத்தில் எதுவும் அதுவாக வராது. போன் கை மாறினால் அதில் ஆடிய ஆட்டமும் போச்சு. போனுக்குள் எந்தப் பொந்தில் அது ஒளிந்திருக்கிறது என்று நாமே துழாவிப் பிடித்து, நகத்தளவு மெமரி கார்டில் ஏற்றி, அது தொலையாமல் இருக்கச் சாமியையும் கும்பிட்டுக்கொள்ள வேண்டும். அப்படி நான் காப்பாற்றிய முதல் ஆட்டத்தைப் பற்றித்தான் சொல்ல வருகிறேன். அது என் ஆட்டம்கூட இல்லை. எங்கள் கடைசி ரூம் அண்ணனும் அக்காவும் ஆடியது.

ஒரகடத்துக்கும் வல்லம் வடகாலுக்கும் நடுவில் எங்கள் வீடு. வீட்டுக்குப் பின்னால் ஆஸ்பெஸ்டாஸ் ஷீட் போட்ட நான்கு ரூம்கள், கம்பெனி ஆட்களுக்கு வாடகைக்கு. அப்பா கம்பெனி வேன் ஓட்டுவார். வீட்டில் இருக்கும் நேரமெல்லாம் தூங்குவார். ரூம்களுக்கு அதிகாரி அம்மாதான். யார் எத்தனை மணிக்கு வருகிறார்கள், யார் குழாயைச் சரியாக மூடவில்லை, யார் துணி மூன்று நாளாகக் கொடியிலேயே கிடக்கிறது, எல்லாம் அம்மாவுக்கு அத்துப்படி. சமையல்கட்டு ஜன்னலிலிருந்து பார்த்தால் நான்கு கதவும் தெரியும். அந்த ஜன்னலை அப்பா 'கண்ட்ரோல் ரூம்' என்பார்.

கடைசி ரூமுக்கு அந்த வருஷம் புதிதாகக் கல்யாணமான ஜோடி வந்தது. சங்கரன்கோவில் பக்கம். காதலித்துக் கட்டிக்கொண்டவர்கள். பெண்ணின் அப்பா ரொம்ப நாள் முறுக்கிக்கொண்டு நின்று, பிறகு வேண்டாவெறுப்பாகச் சம்மதித்து, கல்யாணச் சீராக ஒரு டச் போன் வாங்கிக் கொடுத்திருந்தார். அண்ணனுக்கு ஒரு கம்பெனியில் ஏ ஷிப்ட். விடிவதற்கு முன் கிளம்பி மூன்றரைக்குத் திரும்புவார். அக்காவுக்கு வேறொரு கம்பெனியில் பி ஷிப்ட். மதியம் ஒரு மணிக்குக் கம்பெனி பஸ் ஏறினால் திரும்பி வருவதற்குள் ஊரே அடங்கியிருக்கும். அக்கா வரும்போது அண்ணன் தூக்கம். அண்ணன் கிளம்பும்போது அக்கா தூக்கம். ஞாயிற்றுக்கிழமை இரண்டு பேரில் ஒருவருக்காவது ஓ.டி. வந்துவிடும். ஒரே ரூம், ஒரே பாய், ஆனால் முழித்த கண்ணோடு முகம் பார்த்துக்கொள்வது அபூர்வம்.

இதெல்லாம் எனக்கு எப்படித் தெரியும் என்றால், அந்த ஐப்பசி மழையில் கன்டெய்னர் லாரிக்கு ஒதுங்கப் போய் சைக்கிளோடு கால்வாயில் விழுந்தேன். முழங்காலுக்குக் கீழே மாவுக்கட்டு. பள்ளிக்கூடம் கிடையாது. கட்டுக்குள்ளே அரித்தால் ஈர்க்குச்சியை விட்டுச் சொறிந்துகொண்டு, பின்வாசல் படியில் காலை நீட்டி உட்கார்ந்திருப்பேன். ஷீட் மேல் மழை விழும் சத்தம், ஈரச் சிமெண்ட் வாசனை, கொடியில் காயாமல் தொங்கும் யூனிபாரங்களிலிருந்து வரும் ஆயில் வாடை. பொழுது போகாமல் செத்துக்கொண்டிருந்தேன். "பாப்பா, இங்க வா, ஓட்டல் வெளாடுவமா?" என்று அக்காதான் கூப்பிட்டாள்.

அக்காவின் கம்பெனியில் கேமரா வைத்த போனை கேட்டுக்குள் விட மாட்டார்கள். அதனால் அந்த டச் போன் எப்போதும் ரூம் ஜன்னலில் சார்ஜ் ஏறிக்கொண்டு கிடக்கும். அண்ணன் பட்டன் போன் ஒன்றைக் கொண்டுபோவார். டச் போனுக்குள் இருந்தது ஒரே ஒரு கேம். அதற்கு இங்கிலீஷில் ஏதோ பெயர். எங்களுக்கு ஓட்டல்தான். மேஜை, நாற்காலி, சுவர் ஓரம் மீன்தொட்டி, பின்னால் ஏழு அடுப்பு. நாம் அடுப்பில் ஏற்றுவது நிஜ நேரத்தில்தான் வேகும். வெந்ததும் 'டிங்' என்று மணி அடிக்கும். இறக்கிப் பரிமாறினால் காசு. இறக்காமல் ரொம்ப நேரம் விட்டால் கெட்டுப்போய் ஈ மொய்க்கும். பண்டங்கள் எல்லாம் வெள்ளைக்காரன் பண்டம். அக்காவும் அண்ணனும் அதற்குப் பெயர் வைத்திருந்தார்கள். சிவப்புக் கிண்ணம் ரசம், வட்டத் தட்டு ஊத்தப்பம், மூடி போட்ட பெரிய சட்டி பிரியாணி. ரசத்துக்கு மூன்று மணி நேரம். பிரியாணிக்கு ஒன்பது.

இரண்டு பேரும் ஷிப்ட் போட்டு ஓட்டலை நடத்தினார்கள். அண்ணன் படுக்கப் போகுமுன் பிரியாணி ஏற்றிவிடுவார். அக்கா காலையில் எழுந்து இறக்குவாள். அக்கா பஸ்ஸுக்குக் கிளம்புமுன் ரசம் வைப்பாள். அண்ணன் சட்டையைக் கழற்றும் நேரத்துக்குச் சரியாக மணி அடிக்கும். "அவரு வாறப்ப எதாவது சூடா இருக்கணும்லா" என்பாள் அக்கா. நிஜ அடுப்பு என்னவோ மூலையில் தூசி படிந்து கிடந்தது. இரண்டு பேருக்கும் சாப்பாடு மெஸ்ஸில்தான்.

அதோடு நிற்கவில்லை. மேஜை நாற்காலியை நம் இஷ்டத்துக்கு நகர்த்தலாம். அவர்களுக்கு அதுதான் பேச்சு. மீன்தொட்டி பக்கத்து ஸ்டூல் அண்ணனுடையது. ஒருநாள் தேங்காய் எண்ணெய் வாங்க அவர் மறந்துவிட்டார் என்று அக்கா அந்த ஸ்டூலைத் தூக்கிக் குப்பைத்தொட்டி பக்கத்தில் போட்டுவிட்டுப் போனாள். சாயங்காலம் அண்ணன் வந்து படியில் உட்கார்ந்து போனைத் திறந்தார். பார்த்தார். தனக்குத்தானே சிரித்தார். செருப்பை மாட்டிக்கொண்டு கடைக்குப் போய் எண்ணெய் பாட்டிலோடு வந்தார். மறுநாள் காலை அக்கா ஸ்டூலைப் பழைய இடத்தில் வைத்தாள். எனக்கும் ஓட்டலில் வேலை கொடுத்தார்கள். பத்து மணிக்கு மேஜை துடைப்பது, எச்சில் தட்டு எடுப்பது. "நீ ஜெனரல் ஷிப்டு" என்றாள் அக்கா. எனக்கு ஏக பெருமை.

ஆனால் கண்ட்ரோல் ரூம் ஜன்னலிலிருந்து பார்த்த அம்மாவுக்குத் தெரிந்ததோ வேறு. புதுசா கட்டிக்கொண்ட ஜோடி, ரூமிலிருந்து ஒரு பேச்சுச் சத்தம் இல்லை. அடுப்பு எரிவதில்லை. பெண்டாட்டி வேலைக்குப் போயிருக்கும்போது புருஷன்காரன் தனியாக உட்கார்ந்து போனைப் பார்த்துச் சிரிக்கிறான்.

"எவளோ ஒருத்தி கீறா. அத்தான் அவன் அப்டி இளிக்கிறான்" என்றாள் அப்பாவிடம்.

"உனுக்கு எதுக்கு ஊர் வம்பு? வாடகை வருதில்ல?" என்று அப்பா புரண்டு படுத்தார்.

அம்மாவை இப்போது நான் குறை சொல்ல மாட்டேன். சத்தமில்லாத வீட்டை அவள் நம்ப மாட்டாள். அவளுடைய அக்கா, என் பெரியம்மா, வாழ்ந்த வீடும் அப்படித்தான் இருந்ததாம். சண்டை இல்லை, சத்தம் இல்லை, எவ்வளவு நல்ல குடும்பம் என்று எல்லோரும் மெச்சிக்கொண்டிருந்தபோதே ஒருநாள் பெரியம்மா ஒரு துணிப்பையோடு திரும்பி வந்து நின்றாள். அவள் முதுகைப் பார்த்தது அம்மா. முன்பே போய்க் கேட்காமல் விட்டோமே என்ற குமுறல் அம்மாவுக்குக் கடைசிவரை இருந்தது. எட்டாம் வகுப்புப் பிள்ளைக்கு இதெல்லாம் எங்கே தெரியும்? வேலையில்லாமல் மூக்கை நுழைக்கிறாள் என்றுதான் நினைத்தேன்.

அப்புறம்தான் அந்த பஸ் ஸ்டாப் விஷயம் நடந்தது. ஒரு சாயங்காலம் அண்ணனுக்குப் பொறுமை இல்லை. ரசம் சீக்கிரம் வேகட்டும் என்று போன் கடிகாரத்தை மூன்று மணி நேரம் முன்னால் தள்ளி வைத்தார். நாம் எல்லோரும் செய்த கள்ளத்தனம்தான். ரசம் வெந்துவிட்டது. கடிகாரத்தைத் திருப்பி வைக்க மறந்து தூங்கிவிட்டார். மறுநாள் வானம் விடிந்த மாதிரியே இல்லை, ஒரே மூட்டம். அந்த ரூமில் சுவர்க் கடிகாரம் கிடையாது. ஒன்பதரை மணிக்கு அக்கா போனைப் பார்த்தால் பன்னிரண்டரை! அலறியடித்து யூனிபாரத்தை மாட்டிக்கொண்டு, பையைத் தூக்கிக்கொண்டு, ஓட்டலைக்கூடத் திறக்காமல் ஓடினாள்.

ரேஷன் கடையிலிருந்து திரும்பிய அம்மா பார்த்தபோது, அக்கா கூட்ரோட்டு பஸ் ஸ்டாப்பில் நனைந்துகொண்டு நிற்கிறாள். கையில் பை. பஸ்ஸை விட்டுவிட்டோம், இன்றைய சம்பளம் போச்சு, இன்னொரு தரம் லீவானால் கான்ட்ராக்டர் வேண்டாம் என்று சொல்லிவிடுவான் என்ற பயத்தில் அழுதிருக்கிறாள்.

"இன்னாம்மா, மணி பத்துதான ஆவுது, இந்நேரத்துக்கு இங்க நின்னுகினு கீற?"

மணி பத்துதான் ஆகிறது என்பது அப்போதுதான் அக்காவுக்கு உறைத்திருக்கிறது. கேமுக்காகக் கடிகாரத்தைத் திருகினோம் என்று வீட்டுக்காரம்மாவிடம் எப்படிச் சொல்வது? வெட்கம். "சும்மாதாங்க்கா" என்றாளாம்.

சும்மா என்று அழுத கண்ணோடு சொன்னால் அம்மா விடுவாளா? பையைத் தூக்கிக்கொண்டு வீட்டை விட்டே கிளம்பிவிட்டாள், போக்கிடம் தெரியாமல் நிற்கிறாள் என்று முடிவு கட்டினாள். வீட்டுக்கு வந்ததும் அட்வான்ஸ் வாங்கும்போது குறித்துவைத்த நம்பரை எடுத்து அக்காவின் அப்பாவுக்குப் போட்டாள். "உங்க பொண்ணு நல்லா இல்லங்க. வந்து இன்னான்னு பாருங்க."

அவர் அந்த ஒரு போனுக்காகவே காத்திருந்தவர் மாதிரி ஞாயிற்றுக்கிழமையே வந்து இறங்கினார். வெள்ளைச் சட்டை, கக்கத்தில் பை. சாயங்காலம் அண்ணன் ஓ.டி. முடிந்து வந்ததும் எங்கள் முன்அறையில் பஞ்சாயத்து. அண்ணனும் அக்காவும் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் மாதிரி சுவரோரம் நின்றார்கள். நான் கட்டுப்போட்ட காலோடு கதவிடுக்கில்.

"ஏன்யா, எம்பிள்ள எதுக்கு மழையில நின்னு அழுதா? சொல்லும்."

"தெரியாதுங்க மாமா" என்றார் அண்ணன். உண்மையிலேயே அவருக்குத் தெரியாது. ரூமுக்கு வந்து கடிகாரத்தைச் சரிசெய்திருந்த அக்காவுக்கு அதை அவரிடம் சொல்ல அந்த வாரம் முழுக்க நேரம் வாய்க்கவில்லை.

"கட்டுனவ அழுதது தெரியாதாம்! நீரெல்லாம் ஒரு புருசன்!" என்றார் அவர். "ஏளா, நீ கெளம்பு. கொஞ்ச நாளு அங்கன இரி. பொறவு பாப்போம்."

அக்கா "எப்பா, அதெல்லாம் ஒண்ணுமில்லப்பா" என்று அழுதாள். கேமைப் பற்றி நான்தான் கதவிடுக்கிலிருந்து கத்தினேன். அக்காவின் அப்பா ஜன்னலில் கிடந்த போனை எடுத்துவரச் சொல்லிப் பார்த்தார். "இந்தக் கருமத்தாலதான் எல்லாம்" என்று பின்மூடியைக் கழற்றி சிம்மை உருவித் தன் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். "போனு நான் வாங்கிக் குடுத்தது. பிள்ளையோட எங்கூட வருது" என்றார். அம்மா காபி டம்ளர்களை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். நல்ல காரியம் செய்த நிம்மதி அவள் முகத்தில் இருந்தது.

திங்கட்கிழமை மதியம் பஸ். அண்ணன் விடியுமுன்னே வேலைக்குப் போய்விட்டார். லீவு போட்டால் அவருக்கும் அதே கான்ட்ராக்டர் பயம். அக்கா துணியை மடித்து வைத்துவிட்டு என்னைக் கூப்பிட்டாள்.

"பாப்பா, ஓட்டலு இந்தப் போனோட போயிரும். அவரு வந்து பாக்கயில ஒண்ணுமில்லாம இருக்கக் கூடாது. இத எப்பிடியாச்சும் எடுத்து அவரு கையில குடுக்கணும்."

ஆனால் அவர் கையில் இருப்பதோ பட்டன் போன். எங்கள் வீட்டில் இருந்த ஒரே டச் போன், அப்பா வாங்கிக் கொடுத்து, பேசுவதற்கு மட்டும் அம்மா தொடுகிற போன். சாமி மாடத்தில் இருக்கும். நொண்டிக்கொண்டே போய் எடுத்துவந்தேன். ப்ளூடூத்தில் கேமை அனுப்பியாயிற்று. திறந்தால் ஒரே ஒரு அடுப்பு, ஒரு மேஜை. புத்தம்புது ஓட்டல். எங்களுடையது இல்லை.

அக்கா ஃபைல் மேனேஜரைத் திறந்தாள். ஃபோல்டருக்குள் ஃபோல்டர், அதற்குள் வாயில் நுழையாத இங்கிலீஷ் பெயரில் இன்னொரு ஃபோல்டர். எதில் இருக்கிறது நம் ஓட்டல்? பெரியதாக ஒன்று இருந்தது. இதுவாகத்தான் இருக்கும் என்று மெமரி கார்டில் ஏற்றி, கார்டைக் கழற்றி அம்மா போனில் போட்டு, அதே இடத்தில் வைத்துத் திறந்தோம். மறுபடியும் ஒற்றை அடுப்பு. அது வெறும் படங்களும் பாட்டும். "ஏளா, முடிஞ்சுதா?" என்று முன்னாலிருந்து அவள் அப்பா குரல் கொடுத்தார்.

அக்கா மூச்சை இழுத்து விட்டாள். "எங்க கம்பெனி லைன்ல ஃபால்ட்டு புடிக்கிற மாதிரி பாப்பம். ஒண்ண மட்டும் மாத்தணும். என்ன மாறுதுன்னு பாக்கணும்" என்றாள். ஓட்டலைத் திறந்தாள். அண்ணன் ஸ்டூலை ஒரே ஒரு கட்டம் நகர்த்தினாள். மூடினாள். பிறகு ஃபைல்களை ஒவ்வொன்றாகப் பார்த்தோம். எல்லாம் பழைய தேதி. ஒன்றே ஒன்றில் மட்டும் இந்த நிமிஷத்தின் நேரம் இருந்தது.

துக்கடா ஃபைல். ஒரு போட்டோ அளவுகூட இல்லை. "இம்புட்டுதானா நம்ம ஓட்டலு!" என்று அக்கா சிரித்தாள். அந்த இரண்டு நாளில் அவள் சிரித்தது அப்போதுதான். எடுத்தவள் உடனே ஏற்றிவிடவில்லை. ஸ்டூலைப் பழையபடி வைத்து, ஏழு அடுப்பிலும் பிரியாணி ஏற்றி, அதற்குப் பிறகுதான் ஃபைலைக் கார்டில் போட்டாள். அம்மா போனில் திறந்ததும் ஏழு சட்டியும் புகைந்தன. கார்டை அதிலேயே விட்டுவிட்டு, என் கன்னத்தைக் கிள்ளிவிட்டு, அப்பாவின் பின்னால் கிளம்பிவிட்டாள்.

மூன்றரைக்கு அண்ணன் வந்தார். கொடியில் அக்காவின் துணி ஒன்றுகூட இல்லை. நான் போனை நீட்டினேன். பார்த்தார், ஏழு சட்டியையும் பார்த்தார். குழாயடிக்குப் போய் ரொம்ப நேரம் முகம் கழுவினார்.

அன்று இரவு எட்டு மணிக்கு சாமி மாடத்தில் டிங், டிங் என்று ஏழு தரம் மணி அடித்தது. அம்மா பதறிப்போய் வந்தாள். "இன்னாடி இது, என் போன்ல பூந்துகினு எதோ மணி ஆட்டுது?" திட்டு வாங்கிக்கொண்டே எல்லாவற்றையும் சொன்னேன். கடிகாரம் திருகியதையும் சொன்னேன். "கேமுக்கா எவனாவது பொண்டாட்டிய மழையில நிக்க வெப்பான்? போடி" என்றாள். ஆனால் அண்ணன் வாசலில் வந்து, "அக்கா, ஒரு நிமிசம் அந்தப் போனு" என்று தலையைச் சொறிந்தபோது, அவர் முகத்தைப் பார்க்காமல் கொடுத்தாள்.

தினமும் அப்படியே. வேலை முடிந்து வந்ததும் பின்வாசல் படியில் உட்கார்ந்து இறக்குவார், ஏற்றுவார், போனை என்னிடம் கொடுத்துவிட்டுப் போவார். ஒரு ஞாயிற்றுக்கிழமை ஓ.டி.யை உதறிவிட்டுச் சங்கரன்கோவில் போய் வந்தார். மாமனார் வாசலோடு திருப்பி அனுப்பிவிட்டாராம். அக்காவைக் கண்ணில்கூடக் காட்டவில்லையாம். "பிரசவம் கிரசவம்னு..." என்று ஏதோ சொல்ல வந்து நிறுத்திக்கொண்டார்.

அவருக்கு ஓ.டி. விழுந்த ஒருநாள், நானும் கட்டுப் பிரிக்க ஆஸ்பத்திரி போயிருந்தேன். திரும்பி வந்தால் அம்மா போனைப் பிடித்துக்கொண்டு திணறுகிறாள். "ஈ மொய்க்குதுடி! சோத்துல ஈ மொய்க்குது, எப்டிடி தொறத்தறது?" ஈ என்றால் அம்மாவுக்கு ஆகாது, போனுக்குள் இருந்தாலும். சுத்தம் செய்யக் கற்றுக்கொடுத்தேன். மறுநாள் தானே ரசம் வைத்தாள். "அந்தத் தம்பி வர்ற நேரத்துக்கு வேவணும், எதுடி மூணு மணி நேரம்?" என்று கேட்டுக்கொண்டாள். சாயங்காலம் அண்ணன் போனைத் திறந்ததும் மணி அடித்தது. அவர் நிமிர்ந்து பார்த்தார். அம்மா ஜன்னலிலிருந்து சட்டென்று தலையை உள்ளே இழுத்துக்கொண்டாள்.

கார்த்திகை முடிகிற நேரம். அண்ணன் ஓட்டலில் எதையும் வாங்காமல் காசு சேர்த்துக்கொண்டே வந்தார். ஒருநாள் மொத்தக் காசையும் போட்டு ஒரு சாமான் வாங்கினார். கடைப் பட்டியலில் ஆகக் கடைசியில் இருந்த, கால் உயரமான, முன்னால் தடுப்புப் பலகை வைத்த குட்டி நாற்காலி. கல்லா பக்கத்தில் வைத்தார்.

"இன்னா தம்பி, இவ்ளோ காசு போட்டு இத்துணூண்டு நாற்காலி? ஓட்டலுக்குக் கொயந்தையா வரப்போவுது?" என்றாள் அம்மா கிண்டலாக.

அண்ணன் சிரிக்கவில்லை. தலையைக் குனிந்துகொண்டார். "ஆமாக்கா" என்றார்.

அம்மா அப்படியே படியில் உட்கார்ந்துவிட்டாள். "அடிப்பாவி" என்று தன் தலையில் தானே தட்டிக்கொண்டாள். "வாயும் வயிறுமா இருந்தவளயா நானு அவ்ளோ தூரம் பஸ் ஏத்தி வுட்டேன்? ஏம்பா, ஒரு வார்த்த சொல்லக் கூடாது?"

"அவ கெளம்புறதுக்கு மொத நாளு ராத்திரிதான் எனக்கே தெரியுங்க்கா."

மறுநாளே அம்மா சங்கரன்கோவிலுக்குப் போன் போட்டாள். அவர் எடுக்கவில்லை. திரும்பத் திரும்பப் போட்டாள். எடுக்கவேயில்லை. "போன்ல கெடுத்தத போன்ல சரிபண்ண முடியாது" என்று சொல்லிக்கொண்டு, வல்லக்கோட்டை முருகனுக்கு ஒரு ரூபாய் முடிந்து வைத்துவிட்டு, என்னையும் இழுத்துக்கொண்டு பஸ் ஏறினாள். அதற்கு முன் அம்மா செங்கல்பட்டைத் தாண்டியதில்லை.

அக்கா வீட்டு வாசலில் மிளகாய் வற்றல் காய்ந்துகொண்டிருந்தது. அந்த நெடியில் எனக்குத் தும்மல் நிற்கவில்லை. அவள் அப்பா வாங்க என்றார், தண்ணீர் கொடுத்தார், அதற்கு மேல் முகம் கொடுக்கவில்லை.

"நான்தாங்க தப்பா பூட்டேன். அவங்களுக்குள்ள ஒண்ணியும் இல்ல. நல்லாத்தான் கீறாங்க" என்றாள் அம்மா.

"அன்னிக்கு நீங்க சொன்னதக் கேட்டுத்தான் கூட்டிட்டு வந்தேன். இன்னிக்கு நீங்களே வந்து இல்லங்கிய. நான் எத நம்பட்டும்?"

அம்மா போனை எடுத்து அவர் முன்னால் நீட்டினாள். இது அடுப்பு, இது பிரியாணி, இதை அவர் ஏற்றுவார், இதை அவள் இறக்குவாள், கோபம் வந்தால் இந்த ஸ்டூல் குப்பைத்தொட்டிக்குப் போகும் என்று வழக்கு சொல்வதுபோல் அடுக்கினாள். அவர் முகம் போன போக்கைப் பார்த்து எனக்குச் சிரிப்பும் பயமும் ஒன்றாக வந்தது. "வெளாட்டுக்காம்மா இம்புட்டு தூரம் வந்திய?" என்றார்.

அப்போது அக்கா உள்ளேயிருந்து வந்தாள். கொஞ்சம் கறுத்து, கன்னம் ஒட்டியிருந்தாள். என்னைப் பார்த்துச் சிரித்துவிட்டு, இடுப்பில் செருகியிருந்த தன் போனை எடுத்துத் திறந்து, அம்மாவின் போன் பக்கத்தில் பெஞ்சில் வைத்தாள். அதே ஓட்டல். ஏழு அடுப்பும் எரிகின்றன. அவளும் இத்தனை நாளும் விடாமல் நடத்தியிருக்கிறாள். இரண்டு ஓட்டலும் இப்போது ஒன்றுபோல் இல்லை. இவளுடையதில் சுவர் பச்சை நிறமாகியிருந்தது, மேஜைகள் இடம் மாறியிருந்தன. ஆனால் ஜன்னலோரத்தில், கால் உயரமான, முன்னால் பலகை வைத்த ஒரு குட்டி நாற்காலி.

நான்தான் முதலில் பார்த்தேன். "அக்கா! அண்ணனும் இதத்தான் வாங்குச்சு!"

அவள் அப்பா குனிந்து பார்த்தார். இந்தப் போனைப் பார்த்தார், அந்தப் போனைப் பார்த்தார். "ரெண்டு பேரும் பேசி வச்சு வாங்குனியளா?"

"எப்பிடிப்பா பேச? சிம்மு ஒங்க சட்டப்பையிலல்லா கெடக்கு."

அவர் கை தானாகச் சட்டைப் பைக்குப் போனது. துண்டுக் காகிதத்தில் மடித்து வைத்திருந்தார் அந்த சிம்மை. கொஞ்ச நேரம் அதையே விரலால் தடவிக்கொண்டிருந்தார். பிறகு உள்ளே இருந்த மனைவியிடம், "ஏட்டி, பிள்ளைக்கு நார்த்தங்கா ஊறுகா இருந்தா கட்டிக் குடு. பஸ்ஸுல வாய்க்கு வேணும்லா" என்றார். அக்கா அங்கேயே உட்கார்ந்து அழுதாள். எங்கள் அம்மாவும்தான்.

அக்கா வந்த பிறகு வந்த முதல் ஞாயிற்றுக்கிழமை, அதிசயமாக இரண்டு பேருக்குமே ஓ.டி. இல்லை. இரண்டு ஓட்டலில் எதை வைத்துக்கொள்வது என்ற கேள்வி எழுந்தது. ஒன்றை ஏற்றினால் மற்றது அழிந்துவிடும். நான் முன்ஜாக்கிரதையாக இரண்டு ஃபைலையும் மெமரி கார்டில் தனித்தனி ஃபோல்டரில் போட்டு வைத்துவிட்டு வெளியே வந்தேன். சற்று நேரத்தில் உள்ளே குரல் உயர்ந்தது.

"மீன்தொட்டிய வித்துட்டியா? எங்கிட்ட ஒரு வார்த்த கேக்காண்டாமா?"

"பொறவு நாற்காலிக்குக் காசு எங்கிட்டு வரும்? கல்லா பக்கத்துல பிள்ளைய ஒக்கார வைப்பாகளா யாராச்சும்? புகையடிக்காது?"

"ஜன்னல்கிட்ட வச்சா மட்டும் வெயிலடிக்காதாக்கும்!"

ஏதோ தட்டு விழுந்து உருண்டது. பக்கத்து ரூம்காரம்மா ஓடிவந்து சமையல்கட்டு ஜன்னலைத் தட்டினாள். "அக்கா, அக்கா, கடைசி ரூம்ல பெரிய சண்ட போல கீது. வந்து இன்னான்னு கேளேன்!"

அம்மா திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அவள் போனில் மணி அடித்துக்கொண்டிருந்தது.

"சத்தம் வருதில்ல? அப்ப நல்லாத்தான் கீறாங்க. நீ போய் வேலயப் பாரு" என்றாள், பிரியாணியை இறக்கிக்கொண்டே.